அயாக்ஸின் முதல் 8 சாம்பியன் பட்டங்களுக்கும் ஒரே கோச்: யார் இந்த ஜாக் ரெனால்ட்ஸ்?

ஒரு சின்ன வேலை செய்யுங்கள். நெதர்லாந்தின் அயாக்ஸ் கிளப் முதல் எட்டு முறை தேசிய சாம்பியன் ஆன ஆண்டுகளை வரிசையாக எழுதுங்கள்: 1918, 1919, 1931, 1932, 1934, 1937, 1939, 1947. ஒவ்வொன்றுக்கும் எதிரே அப்போதைய கோச் பெயரை நிரப்புங்கள். எட்டு கட்டத்திலும் ஒரே பெயர்தான் வரும்: ஜாக் ரெனால்ட்ஸ்.

யோஹான் கிரைஃப் யாரென்று உங்களுக்குத் தெரியும். பெப் குவார்டியோலாவைப் பற்றி மணிக்கணக்கில் வாதம் பண்ணியிருப்பீர்கள். அந்த வரிசையைப் பின்னோக்கிப் பிடித்துக்கொண்டே போனால் கடைசியில் நிற்பவர் இந்த ரெனால்ட்ஸ். இத்தனைக்கும் அவர் டச்சுக்காரரே இல்லை, ஆங்கிலேயர். பெரிய ஆட்டக்காரரும் இல்லை.

எப்படிப்பட்ட ஆட்டக்காரர்?

1881-இல் மான்செஸ்டர் அருகே உள்ள வைட்ஃபீல்டில் பிறந்தார். மைதானத்தின் ஓரமாகவே ஓடி, பந்தை நடுவுக்கு அனுப்பும் விங்கர். கிரிம்ஸ்பி, ஷெஃபீல்டு, வாட்ஃபோர்டு என்று ஊர் ஊராக, கிளப் கிளப்பாக மாறிக்கொண்டே இருந்தார். இங்கிலாந்து அணிக்கு ஒரு முறைகூட ஆடவில்லை. ஆட்டக்காரராக மட்டும் நின்றிருந்தால் இன்று அவரை யாரும் தேடியிருக்க மாட்டார்கள்.

ஆனால் அந்தக் காலத்தில் கால்பந்து என்றாலே பிரிட்டன்தான். ஐரோப்பிய கிளப்புகள் பிரிட்டிஷ் கோச்சுகளைத் தேடிக் கூட்டிவந்தன. சொந்த நாட்டில் சுமாராக ஆடியவருக்கும் வெளிநாட்டில் மதிப்பு இருந்தது. 1912-இல் ரெனால்ட்ஸ் சுவிட்சர்லாந்தின் செயின்ட் காலன் கிளப்புக்குக் கோச்சாகப் போனார். வயது சுமார் 30.

கைக்கு வந்த பெரிய வேலை என்ன ஆனது?

1916 ஒலிம்பிக்ஸ் பெர்லினில் நடப்பதாக இருந்தது. அதற்கு ஜெர்மனி அணியைத் தயார் செய்யும் வாய்ப்பு ரெனால்ட்ஸுக்கு வந்தது. ஆனால் 1914-இல் முதல் உலகப் போர் வெடித்தது. ஆங்கிலேயர் ஒருவர் ஜெர்மனியில் வேலை பார்ப்பது நடக்காத காரியம் ஆயிற்று. ஒலிம்பிக்ஸும் ரத்தானது.

போரில் சேராத நாடு நெதர்லாந்து. அங்கே போய்ச் சேர்ந்தார். 1915-இல் ஆம்ஸ்டர்டாமின் அயாக்ஸ் அவரை எடுத்துக்கொண்டது. அவருக்கு முன் இருந்த கோச் ஜாக் கிர்வனும் ஒரு விங்கர்தான். டாட்டன்ஹாம், செல்சி கிளப்புகளுக்கும் அயர்லாந்துக்கும் ஆடியவர். அவர் காலத்தில் முதல் பிரிவுக்கு ஏறிய அயாக்ஸ், 1914-இல் மறுபடி கீழே இறங்கியிருந்தது. அதாவது, ரெனால்ட்ஸ் கைக்கு வந்தது இரண்டாம் பிரிவு அணி.

சரி, அப்படி என்ன பண்ணினார்?

முதலில் ரிசல்ட்டைப் பாருங்கள். 1917-இல் டச்சுக் கோப்பை, கூடவே மேல் பிரிவுக்கு ஏற்றம். 1918-இல் முதல் தேசியப் பட்டம். 1919-இல் ஒரு தோல்விகூட இல்லாமல் இரண்டாவது பட்டம். அதே ஆண்டு ஒரே ஒரு போட்டிக்கு நெதர்லாந்து தேசிய அணிக்கும் கோச்சாக இருந்தார்.

இதன் எடை புரிய ஒரு தகவல் வேண்டும். நெதர்லாந்தில் ஆட்டக்காரர்களுக்குச் சம்பளம் கொடுப்பது 1954-இல்தான் அனுமதிக்கப்பட்டது. ரெனால்ட்ஸ் காலத்தில் எல்லோருமே அமெச்சூர். இன்றைக்கு மாதிரி கோடிகளைக் கொட்டி ஸ்டார் பிளேயரை வாங்க வழியே கிடையாது. கையில் இருக்கும் பையன்களைத்தான் தயார் பண்ணியாக வேண்டும்.

அதைத்தான் செய்தார். இளைஞர் அணிகள் முதல் முதன்மை அணி வரை அத்தனைக்கும் பயிற்சி அவர் பார்வையில். எல்லா வயதினருக்கும் ஒரே ஆட்டமுறை. ஓட்டமும் உடல் வலுவும் மட்டும் போதாது என்று பந்தை வைத்தே பயிற்சி. ஓரங்களைப் பயன்படுத்தித் தாக்குவது. ஒழுக்க விஷயத்தில் கறார். ஜூனியர் அணியில் இருக்கும் பையன் சீனியர் அணிக்கு வரும்போது புதிதாக எதையும் கற்கத் தேவையில்லை, ஏற்கெனவே அதே ஆட்டத்தைத்தான் ஆடிக்கொண்டிருப்பான்.

1919-க்கும் 1931-க்கும் நடுவில் என்ன?

மேலே உள்ள பட்டியலை மறுபடி பாருங்கள். இரண்டாவது பட்டத்துக்கும் மூன்றாவதுக்கும் 12 ஆண்டுகள் இடைவெளி. அந்த 12-இல் சுமார் 9 ஆண்டுகள் ரெனால்ட்ஸ்தான் கோச். 1925-இல் நிர்வாகத்தோடு மோதல் வந்தது. வெளியேறி, அதே ஊரின் ப்ளாவ்-விட் கிளப்புக்குப் போய்விட்டார். 1928-இல் அயாக்ஸ் அவரைத் திரும்ப அழைத்தது. அதன் பிறகு 1931 முதல் 1939 வரை ஐந்து பட்டங்கள்.

நாலு மேட்ச் தோற்றால் கோச்சை மாற்றச் சொல்லும் காலத்தில் இருக்கிறோம். பட்டம் இல்லாத ஆண்டுகளையும் சேர்த்துப் பார்த்தால்தான் அந்த ஐந்து பட்டங்கள் எங்கிருந்து வந்தன என்பது புரியும்.

இரண்டாவது போர் என்ன செய்தது?

1940 மே மாதம் ஜெர்மனி நெதர்லாந்துக்குள் புகுந்தது. முதல் போர் ரெனால்ட்ஸின் வேலையைப் பறித்தது என்றால், இந்தப் போர் அவர் சுதந்திரத்தையே பறித்தது. எதிரி நாட்டுக் குடிமகன் என்பதால் கைது செய்யப்பட்டு, மேல் சைலீசியாவின் டோஸ்ட் ஊரில் இருந்த முகாமில் அடைக்கப்பட்டார். இன்று அந்த ஊர் போலந்தில் இருக்கிறது. முன்பு மனநல மருத்துவமனையாக இருந்த கட்டடம் அது. அதே முகாமில் அடைபட்ட இன்னொருவரை நீங்கள் படித்திருக்கலாம்: ஜீவ்ஸ் கதைகளை எழுதிய பி.ஜி. வோட்ஹவுஸ்.

போர் முடிந்ததும் ரெனால்ட்ஸ் அயாக்ஸுக்கே திரும்பினார். அப்போது வயது 63-ஐத் தாண்டியிருந்தது. 1946 ஜூனில் 18 வயதுப் பையன் ஒருவன் அந்த அணிக்காக முதல் முறை களமிறங்கினான். 8-3 என்று ஜெயித்த அந்த ஆட்டத்தில் ஐந்து கோல் அவனுடையது. பெயர் ரைனஸ் மிஹெல்ஸ். அடுத்த ஆண்டு அயாக்ஸ் எட்டாவது பட்டம் வென்றது. ரெனால்ட்ஸ் விடைபெற்றார்.

அப்போ டோட்டல் ஃபுட்பாலின் தந்தை இவரா?

நிறைய பேர் அப்படித்தான் எழுதுகிறார்கள். இங்கே கொஞ்சம் நிதானிக்கணும். மிஹெல்ஸ் 1965-இல் அயாக்ஸ் கோச் ஆனார். 1971-இல் ஐரோப்பியக் கோப்பை, 1974-இல் நெதர்லாந்தோடு உலகக் கோப்பை இறுதிப்போட்டி. யாரும் எந்த இடத்திலும் ஆடலாம் என்ற டோட்டல் ஃபுட்பாலை உலகுக்குக் காட்டியது அந்த அணிகள்தான். மிஹெல்ஸிடம் ஆடியவர் கிரைஃப், கிரைஃபிடம் பார்சிலோனாவில் ஆடியவர் குவார்டியோலா. சங்கிலி உண்மைதான். ஆனால் ரெனால்ட்ஸிடம் மிஹெல்ஸ் ஆடியது ஓராண்டுக்குக் கொஞ்சம் கூடுதலாக மட்டுமே. நடுவில் விக் பக்கிங்ஹாம் போன்ற வேறு கோச்சுகளும் வந்துபோனார்கள். கிரைஃபை முதன்மை அணியில் முதலில் இறக்கியதே அவர்தான்.

ஆக, டோட்டல் ஃபுட்பாலை ரெனால்ட்ஸ் கண்டுபிடித்தார் என்பது மிகை. அவர் விட்டுப்போனது வேறு: சின்னப் பையன் முதல் சீனியர் வரை ஒரே ஆட்டம் ஆடும் ஒரு கிளப். மிஹெல்ஸ் தன் வீட்டைக் கட்டியது அந்த அடித்தளத்தில்தான்.

1962-இல் ஆம்ஸ்டர்டாமிலேயே ரெனால்ட்ஸ் இறந்தார். மிஹெல்ஸ் கோச் ஆக இன்னும் மூன்று ஆண்டுகள் இருந்தன, முதல் ஐரோப்பியக் கோப்பைக்கு ஒன்பது. டி மீர் மைதானத்தில் ஒரு கேலரிக்கு அவர் பெயரை வைத்தார்கள். 1996-இல் அயாக்ஸ் புது மைதானத்துக்கு மாறியது, டி மீர் இடிக்கப்பட்டது. ஆனால் ஜூனியர் அணிகள் சீனியர் அணி மாதிரியே ஆட வேண்டும் என்ற பழக்கத்தை அயாக்ஸ் கைவிடவில்லை.