சுரங்கத் தொழிலாளி, சுமாரான டிஃபெண்டர், ஐரோப்பாவை ஜெயித்த மேனேஜர்: யார் இந்த ஜாக் ஸ்டெயின்?

மான்செஸ்டர் யுனைடெட்டை 26 வருஷம் கட்டி ஆண்ட அலெக்ஸ் ஃபெர்குசனைத் தெரியாதவர் குறைவு. அந்த ஃபெர்குசனே உதவியாளராகப் பக்கத்தில் உட்கார்ந்து பாடம் படித்த மேனேஜர் ஒருவர் உண்டு. அவர்தான் ஸ்காட்லாந்தின் ஜாக் ஸ்டெயின். இத்தனைக்கும் 27 வயது வரை அவருக்குச் சோறு போட்டது நிலக்கரிச் சுரங்கம். கால்பந்து எல்லாம் சனிக்கிழமை வேலைதான்.

1922 அக்டோபர் 5-ல், கிளாஸ்கோ பக்கத்தில் உள்ள லானர்க்ஷயர் சுரங்கப் பகுதியில் பிறந்தார். அப்பாவும் சுரங்கத் தொழிலாளி. பள்ளிப் படிப்பு முடிந்ததும் கொஞ்ச நாள் கார்ப்பெட் ஃபேக்டரி, அப்புறம் நேராகச் சுரங்கம். இரண்டாம் உலகப்போர் நடந்தபோது நிலக்கரி அத்தியாவசியம் என்பதால் ராணுவத்துக்குப் போக வேண்டியிருக்கவில்லை. 1942-ல் ஆல்பியன் ரோவர்ஸ் என்ற சின்ன கிளப்பில் சென்டர் ஹாஃபாகச் சேர்ந்தார். வாரம் முழுக்க பூமிக்கு அடியில், வார இறுதியில் மைதானத்தில். எட்டு வருஷம் இப்படியே ஓடியது. 1948-ல் அணி முதல் டிவிஷனுக்கு ஏறியது, அடுத்த சீசனிலேயே கீழே விழுந்தது.

ஆட்டக்காரராக அவர் பெரிய கில்லாடி இல்லை. தலையால் முட்டுவதில் கெட்டிக்காரர், காலில் அவ்வளவு வித்தை கிடையாது.

1950-ல் வேல்ஸில் இருந்த லனெல்லி அணி வாரம் 12 பவுண்ட் தருவதாகக் கூப்பிட்டது. இங்கிலாந்து லீக்கில்கூட இடமில்லாத அணி. ஆனாலும் முதல் முறையாக முழுநேர ஆட்டக்காரர். மனைவியும் குழந்தையும் ஊரில், இவர் மட்டும் அங்கே. இதற்கிடையில் ஊர் வீட்டில் திருடர்கள் வேறு புகுந்துவிட, எல்லாவற்றையும் விட்டுவிட்டு சுரங்கத்துக்கே திரும்பிவிடலாம் என்ற மனநிலைக்கு வந்துவிட்டார். அப்போதுதான், 1951 டிசம்பரில், செல்டிக் கிளப் 1,200 பவுண்டுக்கு வாங்கியது. அதுவும் ரிசர்வ் அணிக்குத்தான்.

இங்கே ஒரு விஷயத்தைப் புரிந்துகொள்ளணும். கிளாஸ்கோவில் செல்டிக் என்றால் கத்தோலிக்கர்களின் அணி, ரேஞ்சர்ஸ் என்றால் புராட்டஸ்டன்ட்டுகளின் அணி. ஸ்டெயின் புராட்டஸ்டன்ட், வளர்ந்தது ரேஞ்சர்ஸ் ஆதரவாளர்கள் நடுவில். செல்டிக் சட்டையைப் போட்டதும் பழைய நண்பர்கள் சிலர் பேச்சையே நிறுத்திக்கொண்டார்கள்.

முன்னணி டிஃபெண்டர்கள் வரிசையாகக் காயமடைய, ரிசர்வ்காரர் முதல் அணிக்கு வந்தார். பிறகு கேப்டனும் ஆனார். 1954-ல் லீக், கோப்பை இரண்டையும் செல்டிக் வென்றது, 40 வருஷத்துக்குப் பிறகு. அடுத்த வருஷமே கணுக்காலில் அடி. 1957-ல் ஆட்டம் முடிந்தது.

பயிற்சியாளர் அவதாரம்

ரிசர்வ் அணிக்குப் பயிற்சி கொடுக்கச் சொன்னார்கள். நிஜமான ஸ்டெயின் வெளியே வந்தது அங்கேதான். 1960-ல் டன்ஃபெர்ம்லின் அணியின் மேனேஜரானார். தரமிறங்கும் விளிம்பில் இருந்த அணி, அவர் வந்ததும் தொடர்ந்து ஆறு ஆட்டங்களை ஜெயித்தது. 1961 ஸ்காட்டிஷ் கோப்பை இறுதியில் தோற்கடித்ததோ, சாட்சாத் செல்டிக்கைத்தான்!

1963-ல் இத்தாலிக்குப் போய், இன்டர் மிலானின் ஹெலேனியோ ஹெரேரா எப்படிப் பயிற்சி கொடுக்கிறார் என்று பக்கத்திலிருந்து பார்த்தார். கோல் விடாமல் பூட்டுப்போடும் ஆட்டத்துக்குப் பேர்போனவர் ஹெரேரா. இந்தப் பயணத்தை ஞாபகம் வச்சுக்குங்க.

இடையில் ஹிபர்னியன். பிறகு 1965 மார்ச்சில் செல்டிக் திரும்ப அழைத்தது. இன்னொருவரோடு பொறுப்பைப் பகிர்ந்துகொள்ளச் சொன்னார்கள், மறுத்துவிட்டார். அணித் தேர்வில் சேர்மன் மூக்கை நுழைக்கும் வழக்கம் அதோடு போச்சு. செல்டிக்கின் முதல் புராட்டஸ்டன்ட் மேனேஜர் அவர்தான்.

1967 மே 25, லிஸ்பன். ஐரோப்பியக் கோப்பை இறுதி. எதிரே யார்? அதே ஹெரேராவின் இன்டர் மிலான். செல்டிக்கின் 11 பேரும் கிளப் மைதானத்திலிருந்து சுமார் 48 கி.மீ. தூரத்துக்குள் பிறந்த பையன்கள். ஏழாவது நிமிடத்தில் பெனால்டியில் கோல் போட்ட இன்டர், வழக்கம்போல் கதவைச் சாத்திக்கொண்டது. ஸ்டெயினின் அணி விடாமல் தட்டிக்கொண்டே இருந்தது. சமன் செய்த ஜெம்மெல் ஒரு டிஃபெண்டர். பின்வரிசைக்காரரும் ஏறி அடிக்கணும் என்பதுதான் ஸ்டெயினின் கணக்கு. கடைசி நிமிடங்களில் சால்மர்ஸ் இரண்டாவது கோல். 2-1. பிரிட்டனுக்கு அந்தக் கோப்பை வந்தது அதுதான் முதல் முறை. 1966 முதல் 1974 வரை ஸ்காட்லாந்து லீக்கும் செல்டிக்குக்குத்தான், தொடர்ந்து ஒன்பது முறை.

இறக்கமும் கடைசி இரவும்

1975-ல் பயங்கரமான கார் விபத்து. உயிர் தப்பினார், பழைய வேகம் திரும்பவில்லை. 1977-ல் டால்கிலிஷ் லிவர்பூலுக்குப் போனார், அடுத்த சீசனில் கோப்பை எதுவும் இல்லை. 1978-ல் செல்டிக் அவரை மாற்றியது. ஐரோப்பாவை ஜெயித்துக் கொடுத்தவருக்குக் கொடுக்க முன்வந்தது, கிளப்புக்கு நிதி திரட்டும் பிரிவில் ஒரு நாற்காலி. நியாயமா இது? அவர் லீட்ஸுக்குப் போனார். 44 நாளில் ஸ்காட்லாந்து தேசிய அணி கூப்பிட, அங்கே வந்துவிட்டார். 1982 உலகக் கோப்பையில் கோல் வித்தியாசத்தில் வெளியேற்றம்.

1985 செப்டம்பர் 10, கார்டிஃப். வேல்ஸுடன் டிரா செய்தாலே உலகக் கோப்பை பிளே-ஆஃபுக்குப் போகலாம். மார்க் ஹியூஸ் கோல் போட, வேல்ஸ் முன்னிலை. இடைவேளையில்தான் ஒரு குண்டு: கோல்கீப்பர் ஜிம் லெய்ட்டனின் கான்டாக்ட் லென்ஸ் தொலைந்துவிட்டது, மாற்று லென்ஸும் இல்லை. அவர் லென்ஸ் போடுவதே ஸ்டெயினுக்குத் தெரியாது. அபர்டீன் கிளப்பில் தினமும் அவரைப் பார்க்கும் உதவியாளர் ஃபெர்குசனுக்கும் தெரியாது! அவசரமாக ஆலன் ரஃப் இறங்கினார். பிறகு டேவி கூப்பரை மாற்று ஆட்டக்காரராக அனுப்பினார் ஸ்டெயின். 81-வது நிமிடத்தில் பெனால்டி. கூப்பர் போட்டார், 1-1.

ஆட்டம் முடியும் தறுவாயில் ஸ்டெயின் மைதான ஓரத்தில் சரிந்து விழுந்தார். மைதானத்தின் மருத்துவ அறையிலேயே உயிர் பிரிந்தது. வயது 62. கொண்டாட வேண்டிய ஆட்டக்காரர்கள் உடை மாற்றும் அறையில் வாயடைத்துப் போய் உட்கார்ந்திருந்தார்கள். பிளே-ஆஃபில் ஆஸ்திரேலியாவை வென்று, 1986-ல் அந்த அணியை மெக்சிகோவுக்கு அழைத்துப் போனவர் ஃபெர்குசன்.