ஹிட்லரைத் தோற்கடித்து, அவரையே பிரதமராக்கிய ஹிண்டன்பர்க்

ஜெர்மனி அதிபர் தேர்தலின் இரண்டாம் சுற்று 1932 ஏப்ரல் 10-ஆம் தேதி நடைபெற்றது. அதில் 53 சதவீத வாக்குகளுடன் ஹிட்லரைத் தோற்கடித்தவர் 84 வயதான பால் வான் ஹிண்டன்பர்க். முடியாட்சியில் பற்றுக்கொண்ட அந்தத் தளபதியை சமூக ஜனநாயகக் கட்சியினரும் ஆதரித்தனர். ஹிட்லரைத் தடுக்க அவர்களுக்கு வேறு வழி தென்படவில்லை.

போசன் நகரில் 1847-இல் பிறந்த ஹிண்டன்பர்க், 1911-இல் ராணுவத்திலிருந்து ஓய்வு பெற்றார். முதல் உலகப் போரில் மீண்டும் அழைக்கப்பட்டு, டானென்பர்க் வெற்றியால் மக்களின் நாயகனானார். 1918-இல் போர்நிறுத்தம் கோருமாறு அரசை வலியுறுத்தியது, அவரும் லூடன்டார்ஃபும் வழிநடத்திய ராணுவத் தலைமையே. ஆயினும் மறு ஆண்டு நாடாளுமன்ற விசாரணைக் குழுவின் முன், ராணுவம் உள்நாட்டிலேயே முதுகில் குத்தப்பட்டதாக அவர் கூறினார். அந்தப் பொய் குடியரசின் அடித்தளத்தை அரித்தது.

1925-இல் அதிபரான அவருக்கு, அரசமைப்பின் 48-ஆவது பிரிவு அவசர ஆணைகள் பிறப்பிக்கும் அதிகாரத்தை அளித்திருந்தது. 1930 முதல் பெரும்பான்மையற்ற அரசுகள் அந்த ஆணைகளாலேயே நீடித்தன. 1932-இல் நாடாளுமன்றம் நிறைவேற்றிய சட்டங்கள் ஐந்து மட்டுமே.

அதே ஆண்டு ஆகஸ்டில் பிரதமர் பதவி கேட்ட ஹிட்லருக்கு அவர் மறுப்புத் தெரிவித்தார். நவம்பர் தேர்தலில் நாஜி கட்சியின் இடங்கள் 230-இலிருந்து 196-ஆகக் குறைந்தன. அக்கட்சி சரிவைச் சந்தித்த அத்தருணத்தில்தான், ஹிட்லரைக் கட்டுக்குள் வைத்திருக்கலாம் என்ற பாப்பனின் யோசனைக்கு அவர் இணங்கினார். 1933 ஜனவரி 30-இல் ஹிட்லர் பிரதமரானார். அமைச்சரவையில் அவரைத் தவிர நாஜிக்கள் இருவர் மட்டுமே.

பிப்ரவரி 27 இரவு நாடாளுமன்றக் கட்டடம் தீக்கிரையானது. மறுநாளே, பேச்சுரிமை, பத்திரிகைச் சுதந்திரம் உள்ளிட்ட அடிப்படை உரிமைகளை முடக்கிய ஆணையில் அதிபர் கையொப்பமிட்டார். மார்ச் 23-இல், நாடாளுமன்றமின்றியே சட்டம் இயற்ற அரசுக்கு அதிகாரமளிக்கும் மசோதாவும் நிறைவேறியது. எதிர்த்து வாக்களித்த 94 பேரும் சமூக ஜனநாயகக் கட்சியினர். முந்தைய ஆண்டு அதிபருக்காக வாக்குக் கேட்ட அதே கட்சியினர்.

ஹிண்டன்பர்க் 1934 ஆகஸ்ட் 2-இல் காலமானார். அவர் உயிரோடிருந்த முந்தைய நாளிலேயே, அதிபர் பதவியைப் பிரதமர் பதவியுடன் இணைக்கும் சட்டத்தை ஹிட்லரின் அமைச்சரவை இயற்றிவிட்டது.

1933-இல் ஹிட்லருடன் சேர்த்து அவருக்கு பெர்லின் நகரம் வழங்கிய கௌரவக் குடிமகன் தகுதி, 2020-இல் திரும்பப் பெறப்பட்டது.