தலையணைக்கு அடியில் ஒரு நோட்டு

அலாரத்தை அணைச்சுட்டுத் திரும்பப் படுத்த அந்தப் பத்து நிமிஷத்துல உங்களுக்கு ஒரு முழுநீளக் கனவு வந்திருக்கும். பல் தேய்க்கும்போது பாதி மறந்திருக்கும், மெஸ்ஸுக்குப் போறதுக்குள்ள முழுசும் போயிருக்கும். அப்படிப் போகவிடாமல் கனவைப் பிடித்து வைத்து, அதில் நாளைய தேதி இருக்கிறதா என்று தேடிய ஒரு இன்ஜினியரின் கதை இது.

பெயர் ஜான் வில்லியம் டன். 1875-இல் அயர்லாந்தில் ஒரு ராணுவ முகாமில் பிறந்தவர். அப்பா ராணுவ அதிகாரி, அதனால் மகனும் ராணுவம். போயர் போருக்காகத் தென்னாப்பிரிக்கா போனார். முதல் முறை டைபாய்டு, இரண்டாம் முறை இதய நோய். ரெண்டு தடவையும் ஊருக்குத் திருப்பி அனுப்பிட்டாங்க. அந்த இதயக் கோளாறு கடைசி வரைக்கும் கூடவே இருந்தது.

வீட்டில் சும்மா உட்காராமல் விமானம் வடிவமைத்தார். ரைட் சகோதரர்களின் விமானத்தை ஒவ்வொரு நொடியும் பைலட் சமாளித்துக்கொண்டே இருக்கணும். டன் விரும்பியது தானாக நேராகும் விமானம். அதற்கு வாலையே எடுத்துவிட்டார்! இறக்கைகளை V மாதிரி பின்னால் சாய்த்து, நுனிகளைக் கொஞ்சம் முறுக்கினார். பின்னால் தள்ளியிருக்கும் அந்த நுனிகள்தான் வால் செய்யவேண்டிய வேலையைச் செய்யும். ஏரோ பசங்களுக்கு இது இப்போ சாதாரணம். அவர் இதைச் செய்தது 1907-இல், ஸ்காட்லாந்து மலைப்பகுதியில், ராணுவ ரகசியமாக. 1909-இல் அரசு கைகழுவியது. தெரிந்தவர்கள் பணம் போட்டு வேலையைத் தொடர வைத்தார்கள். 1910 டிசம்பரில் ஆர்வில் ரைட் கீழே நின்று பார்க்க, டன் வானத்தில் இரண்டு கையையும் எடுத்துவிட்டு ஒரு தாளில் குறிப்பு எழுதினார். விமானம் பாட்டுக்குப் பறந்தது. ஆனால் 1914 வாக்கில் உடம்பு விமான வேலையையே நிறுத்த வைத்துவிட்டது.

இனி கனவு. 1902-இல் தென்னாப்பிரிக்கப் போர்முனையில் ஒரு ராத்திரி. ஒரு தீவு வெடிக்கப்போகிறது, தரையின் விரிசல்களிலிருந்து ஆவி சீறுகிறது. கப்பல் அனுப்பச் சொல்லிப் பிரெஞ்சு அதிகாரிகளிடம் கெஞ்சுகிறார், 4,000 பேர் சாகப்போகிறார்கள் என்று கத்துகிறார். பிறகு தபாலில் லண்டன் பேப்பர் வந்தது. பிரெஞ்சுத் தீவான மார்டினிக்கில் பெலே எரிமலை வெடித்த செய்தி. தலைப்பில் போட்டிருந்த எண்ணிக்கையும் 4,000.

நாமளா இருந்தா இத்தோட விட்டிருப்போம். ஹாஸ்டல் பூரா சொல்லிக்கிட்டுத் திரிஞ்சிருப்போம். அவரும் அப்படித்தான் சொல்லிக்கொண்டிருந்தார். பல வருஷம் கழித்து அந்தச் செய்தியைப் பிரதி எடுக்கும்போதுதான் கவனித்தார்: அச்சில் இருந்தது 40,000. ஒரு சைபரை விட்டுவிட்டுப் படித்திருக்கிறார். உண்மையில் இறந்தவர்கள் சுமார் 28,000 பேர்.

இங்கதான் அந்த ஆள் எனக்குப் பிடித்துப் போனார். எரிமலையைக் கனவில் பார்த்திருந்தால் தன்னுடைய படிப்புப் பிழை கனவுக்குள் எப்படி வந்தது? அப்படியென்றால் தான் கண்டது எரிமலையை இல்லை, பிற்பாடு பேப்பர் படிக்கப்போகும் தன்னையே என்று முடிவு செய்தார். இன்னொரு வாய்ப்பையும் அவர் மறைக்கவில்லை. பேப்பரைப் படித்த பிறகு, முன்னாடியே கனவு கண்டதாக மனசே கதை கட்டியிருக்கலாம்.

இதைத் தீர்க்கத்தான் நோட்டு. தலையணைக்கு அடியில் நோட்டும் பென்சிலும். விழிப்பு வந்ததும் எழுந்திருக்காமல் கடைசியாக ஓடிய நினைப்பைப் பிடித்து, அப்படியே பின்னால் போய், சின்ன விவரம் உட்பட எழுதணும். அப்புறம் வரும் நாட்களின் சம்பவங்களோடு ஒப்பிடணும். நண்பர்களையும் செய்யச் சொன்னார். 1927-இல் ‘ஆன் எக்ஸ்பெரிமென்ட் வித் டைம்’ வெளிவந்தது. விழித்திருக்கும்போது நம் கவனம் நிகழ்காலத்தில் ஒட்டிக்கிடக்கிறது, தூக்கத்தில் பிடி தளர்ந்து முன்னும் பின்னும் மேய்கிறது என்பது அவர் வாதம்.

நானும் ஒரு வாரம் எழுதிப் பார்த்தேன். நாலு நாள் வெற்றுப் பக்கம். ஒரு நாள் லேப்ல மல்டிமீட்டர் வேலை செய்யாத கனவு. மறுநாள் நிஜமாகவே வேலை செய்யல. ஆனா எங்க லேப்ல அது வேலை செஞ்சாதான் அதிசயம்.

விமர்சகர்கள் பிடித்ததும் இதைத்தான். நூறு விவரம் எழுதினால் இரண்டு எப்படியும் பொருந்தும். 1930களில் ஆக்ஸ்போர்டு மாணவர்களை வைத்து இதே சோதனையை வேறொருவர் நடத்தினார், பெரிதாக ஒன்றும் தேறவில்லை. டன் அதை ஏற்கவில்லை. அவருடைய கோட்பாட்டிலும் ஓட்டை. காலம் ஓடுகிறது என்றால் அந்த வேகத்தை அளக்க இன்னொரு காலம் வேண்டும், அதை அளக்க இன்னொன்று என்று முடிவில்லாமல் போகிறது. புரோகிராமில் இப்படி ஒரு ரிகர்ஷன் எழுதினால் என்ன ஆகும்னு உங்களுக்கே தெரியும். அவரோ அந்த முடிவின்மையைத்தான் பெரிதும் நம்பினார், மனிதர் சாவதே இல்லை என்பது வரை போனார். 1940-இல் வெளிவந்த அவர் நூலின் பெயரே ‘நத்திங் டைஸ்’. பழுதான இதயத்தோடு அத்தனை வருஷம் வாழ்ந்தவர் அதை எழுதியதில் எனக்கு ஆச்சரியமில்லை.

1949-இல் 73 வயதில் இங்கிலாந்தின் பான்பரியில் இறந்தார். 1964-இல் சுவிட்சர்லாந்தில் ஒரு ஹோட்டலில் வசித்த நாவலாசிரியர் விளாதிமிர் நபகோவ், டன் சொன்ன முறைப்படியே காலையில் எழுந்ததும் கனவுகளைக் கார்டுகளில் குறிக்க ஆரம்பித்தார். மொத்தம் 118 கார்டுகள். அவை 2018-இல் புத்தகமாக வந்திருக்கின்றன.