ஓரா வோஷிங்டன்: மறக்கப்பட்ட ஒரு வீராங்கனை

எழுவைதீவிலிருந்து வள்ளமேறி வலைப்பந்தாட்டப் போட்டிக்குப் போன நாட்கள் நம்மில் பலருக்கு நினைவிருக்கும். அந்த ஆட்டத்தின் தாய் கூடைப்பந்தாட்டம். 1891 இல் அமெரிக்காவில் ஜேம்ஸ் நைஸ்மித் அதனைத் தொடக்கினார். அடுத்த வருடமே பெண்களும் ஆடத் தொடங்கினர். பெண்கள் கூடைப்பந்தாட்டத்தின் முதல் நட்சத்திரங்களுள் ஒருவர் ஓரா வோஷிங்டன்.

இவர் வேர்ஜீனியா மாநிலத்துக் கரோலைன் பகுதியில், கறுப்பின விவசாயக் குடும்பமொன்றில், 1890களின் இறுதியில் பிறந்தார். ஒன்பது பிள்ளைகளில் ஒருவர். பிழைப்புத் தேடி வடக்கே சென்ற ஆயிரக்கணக்கானோரைப் போல இவரும் இளவயதில் பிலடெல்பியா நகருக்குப் போனார். அங்கே வசதி படைத்தோர் வீடுகளில் வேலை செய்தார். ஓய்வு நேரத்தில், ஜேர்மன்ரவுன் பகுதியில் கறுப்பினப் பெண்களுக்கென இருந்த கிறிஸ்தவ இளம்பெண்கள் சங்கத்தில் விளையாடப் பழகினார்.

முதலில் புகழ் தந்தது ரெனிஸ். கறுப்பினத்தவரின் அமெரிக்க ரெனிஸ் சங்கம் நடத்திய தேசியப் போட்டிகளில், 1929 முதல் 1935 வரை தொடர்ந்தும் மீண்டும் 1937 இலும், எட்டுத் தடவை ஒற்றையர் வாகை சூடினார். 1925 முதல் 1936 வரை இரட்டையர் பட்டமும் இவர் வசமே இருந்தது.

குளிர்காலம் வந்தால் கூடைப்பந்து. முதலில் ஜேர்மன்ரவுன் ஹோர்னெற்ஸ் அணியிலும், பின்னர் 'பிலடெல்பியா ரிபியூன்' என்ற கறுப்பினப் பத்திரிகையின் ஆதரவில் இயங்கிய பெண்கள் அணியிலும் ஆடினார். நடு ஆட்டக்காரராக, பின் தலைவியாக அவ்வணியை நடத்தினார். ஊர் ஊராகச் சென்று, மக்கள் சீட்டு வாங்கிப் பார்த்த ஆட்டங்கள் அவை. 1934 இல் வட கரோலைனாவின் பெனெற் கல்லூரி அணியுடன் நடந்த மூன்று ஆட்டங்களிலும் ரிபியூன் அணியே வென்றது.

ஆயினும் வெள்ளையர் சங்கம் நடத்திய ரெனிஸ் போட்டிகளின் கதவு இவருக்குத் திறக்கவில்லை. அக்காலத்தின் பெரும் வீராங்கனை ஹெலன் வில்ஸுடன் மோதும் வாய்ப்பு இறுதிவரை கிட்டவேயில்லை. 1947 இல், ஐம்பது வயதை அண்மித்த நிலையில், கலப்பு இரட்டையர் இறுதியாட்டத்தில் இளம் அல்தியா கிப்சனின் சோடியைத் தோற்கடித்தார். அந்தக் கிப்சன் பத்து வருடங்களின் பின் விம்பிள்டனில் வாகை சூடி உலகப் புகழ் பெற்றார். ஓராவோ வீட்டு வேலை செய்தே வாழ்ந்தார்.

1971 இல் அவர் காலமானார். 1976 இல் கறுப்பின விளையாட்டு வீரர்களுக்கான கௌரவ மண்டபம் அவரைச் சேர்த்துக்கொண்டபோது, அவர் இறந்து ஐந்து வருடங்கள் ஆகிவிட்டதே ஏற்பாட்டாளருக்குத் தெரியாதிருந்தது. நைஸ்மித் பெயரிலான கூடைப்பந்தாட்டக் கௌரவ மண்டபத்தில் இடம் கிடைத்தது 2018 இல்தான்.

திறமை போதாமல் அவர் மறக்கப்படவில்லை. நினைவில் வைத்திருப்பார் இல்லாமற் போனது. இடப்பெயர்வுகளில் பதிவுகளையும் படங்களையும் தொலைத்த தீவகத்தவர்களாகிய நமக்கு இது புதிதல்ல. அன்பான பழைய மாணவிகளே, எந்த வருடம், எந்த அணியில், யார் யார் ஆடினீர்கள் என்பதை இப்போதே எழுதி வையுங்கள். நம் பிள்ளைகள் தேடும்போது அப்பெயர்கள் இருக்கவேண்டும்.