மேரி கியூரி அம்மையார்

1867இல் போலந்தின் வார்சோ நகரில் பிறந்த மேரி, தாய்நாட்டுப் பல்கலைக்கழகம் பெண்களைச் சேர்க்காததால் பாரிசுக்குச் சென்று கற்றார். கணவர் பியருடன் 1898இல் பொலோனியம், ரேடியம் ஆகிய மூலகங்களைக் கண்டறிந்தார். 1903இல் பௌதிகவியலுக்கும் 1911இல் இரசாயனவியலுக்கும் நோபல் பரிசு பெற்றார். முதலாம் உலகப் போரில் மகள் ஐரீனுடன் எக்ஸ்-கதிர் வண்டிகளைக் களமுனைக்குக் கொண்டுசென்று, காயமடைந்தோரின் உடலில் புதைந்த குண்டுச் சிதறல்களைக் கண்டறிய உதவினார்.

கதிர்களின் தீங்கை அக்காலத்தவர் முழுதாக அறிந்திருக்கவில்லை. அவருடைய விரல்கள் வெந்தன. 1934இல் என்பு மச்சை பழுதடைந்து, குருதிச்சோகையால் இறந்தார். 1956இல் ஐரீனை இரத்தப் புற்றுநோய் கொண்டுபோனது.

வன்னியில் செல் துண்டுகளை உடலில் சுமப்போர் இன்றும் சிகிச்சைக்கு வருகின்றனர். எக்ஸ்-கதிரின் துணையோடு அவற்றை அகற்றும்போது, ஈய அங்கி பாரமென்று கழற்றும் தங்கையருக்கு இந்த அம்மையாரின் கதையைத்தான் சொல்வேன்.