பணிப்பெண் வேடமும் சொந்த வீடும்

உழைப்புச் சந்தையில் நிலவும் பாகுபாடு குறித்துக் கல்லூரியில் பாடம் நடத்தும்போதெல்லாம் ஹேட்டி மெக்டேனியலின் வாழ்க்கையைச் சொல்வது என் வழக்கம். ஆஸ்கர் விருது பெற்ற முதல் கறுப்பினக் கலைஞர் அவர். கிடைத்ததெல்லாம் பணிப்பெண் வேடமென்றால் அவர் மறுத்திருக்கலாமே என்று ஒருமுறை ஒரு மாணவி கேட்டார். மறுத்தால் உண்மையாகவே வீட்டு வேலைக்குத்தான் போயிருக்க வேண்டும் என்றேன். அது பாதி விடைதான் என்று இப்போது தோன்றுகிறது.

அடிமைத்தளையிலிருந்து விடுபட்ட பெற்றோருக்குக் கான்சாஸ் மாநிலத்தில் பிறந்தவர் ஹேட்டி. மேடைப் பாடகியாக இருந்த அவருடைய வாய்ப்புகளை 1929ஆம் ஆண்டின் பொருளாதாரச் சரிவு பறித்தது. மில்வாக்கி நகரில் ஒரு கேளிக்கை விடுதியின் கழிவறைப் பணியாளராக இருந்து, அங்கேயே பாடகியாக உயர்ந்தார். 1931இல் லாஸ் ஏஞ்சலிஸ் சென்ற பின்னும் பட வாய்ப்பு இல்லாத நாள்களில் வீட்டு வேலை செய்தே பிழைத்தார்.

1939இல் வெளியான 'கான் வித் த விண்ட்' படத்தில் அவர் ஏற்றதும் பணிப்பெண் வேடமே. இனப்பிரிவினை நிலவிய அட்லாண்டாவில் நடந்த அதன் முதல் காட்சியில் அவரால் பங்கேற்க இயலவில்லை. 1940 பிப்ரவரி 29 அன்று சிறந்த துணை நடிகைக்கான ஆஸ்கர் விருதைப் பெற்ற விழாவிலும், சக நடிகர்களுடன் அமர அவருக்கு இடமில்லை, தனி மேசைதான்.

அடிமை முறையை அழகுபடுத்தும் படங்களுக்கு அவர் துணைபோவதாகக் கறுப்பின உரிமை இயக்கத்தினர் சாடினர். அதில் நியாயம் உண்டு. ஆயினும், எந்த வேடத்தை யாருக்குத் தருவது என்பதைப் படநிறுவனங்களே முடிவு செய்தன. ஒருவரின் தேர்வை எடைபோடும் முன், அவர்முன் இருந்த வாய்ப்புகள் எவை என்று கேட்பதே பொருளியலின் முதல் பாடம்.

மீதி விடை அவருடைய வீட்டில் இருக்கிறது. திரையில் ஈட்டிய பணத்தில் வெஸ்ட் ஆடம்ஸ் ஹைட்ஸ் பகுதியில் அவர் வீடு வாங்கினார். அங்குள்ள மனைகளைக் கறுப்பினத்தவருக்கு விற்கக் கூடாதென்று பழைய பத்திரங்களில் நிபந்தனை இருந்தது. அதைக் காட்டி வெள்ளையர் சிலர் வழக்குத் தொடுத்தனர். ஹேட்டி அண்டை வீட்டாரைத் திரட்டி எதிர்த்து நின்றார்; 1945இல் வழக்கு தள்ளுபடியானது. இத்தகைய நிபந்தனைகளை நீதிமன்றங்கள் செயல்படுத்த முடியாதென அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது 1948இல்தான்.

பின்னர் 'பியூலா' தொடரில், முதலில் வானொலியிலும் பிறகு தொலைக்காட்சியிலும், மீண்டும் பணிப்பெண்ணாகவே நடித்தார். 1952 அக்டோபர் 26 அன்று மார்பகப் புற்றுநோயால் மறைந்தார். அவர் விரும்பிய ஹாலிவுட் கல்லறைத் தோட்டம் நிறவெறியால் இடம் மறுத்தது. ஹோவர்ட் பல்கலைக்கழகத்துக்கு அவர் விட்டுச்சென்ற விருது பின்னாளில் காணாமற்போனது. அதற்கு மாற்றாக வேறொன்று 2023இல் வழங்கப்பட்டது.

வேடத்தில் அவருக்குத் தேர்வு இல்லை, வீட்டில் இருந்தது. அங்கே அவர் விட்டுக்கொடுக்கவில்லை. அந்த மாணவிக்கு அன்று இதையும் சேர்த்துச் சொல்லியிருக்க வேண்டும்.