லீனோ புரோக்கா

சினிமாவைப் பற்றி எழுதுவது எனக்குப் பழக்கமன்று. இலக்கணமுங் காப்பியமுங் கற்பித்து வந்தவன் யான். எனினும், பிலிப்பைன் நாட்டவராகிய லீனோ புரோக்கா இயக்கிய ஒரு படத்தைக் கண்டபின், அவர் வரலாற்றைத் தேடிப் படியாதிருக்க இயலவில்லை.

1939ஆம் ஆண்டு சோர்சொகொன் மாகாணத்துப் பிலார் என்னும் ஊரிற் பிறந்தவர் அவர். இளமையிலேயே தந்தையை இழந்து வறுமையில் வளர்ந்தார். பல்கலைக்கழகத்திற் பயின்றபின் மோர்மன் சபையிற் சேர்ந்து, ஹவாயைச் சார்ந்த மொலொக்காய்த் தீவிலே தொழுநோயாளரிடையே ஊழியஞ் செய்தார். பிறர் முகந்திருப்பிச் செல்லும் மனிதரை நேர்நின்று நோக்கும் கண் அவருக்கு அங்கேதான் வாய்த்தது போலும். தாய்நாடு மீண்டு நாடகக் குழுவொன்றிற் சேர்ந்தார். 1970இல் முதற்படத்தை இயக்கினார். பிழைப்புக்காக எடுத்த வணிகப் படங்களும் பல, அவற்றை விடுவோம்.

என்னை வருத்தியது 1975இல் வெளிவந்த மணிலாப் படம். எட்கார்டோ ரெயிஸ் எழுதிய நாவலைத் தழுவியது. மணிலா, ஒளியின் உகிர்களில் என்பது அதன் பெயர்ப்பொருள். மீனவக் கிராமத்து இளைஞன் ஹூலியோ, காதலியைத் தேடி மணிலாவுக்கு வருகிறான். அவள் பெயர் லிகாயா பராய்சோ. லிகாயா என்றால் மகிழ்ச்சி; பராய்சோ என்றாற் சுவர்க்கம். படிப்பும் வேலையுந் தருவதாகச் சொல்லி அவளை அழைத்துச்சென்ற பெண்ணொருத்தி அவளை விற்றுவிட்டாள். கட்டட வேலையிலே, ஏட்டில் ஒரு கூலியும் கையில் அதனிற் குறைந்த கூலியுமாகப் பெற்றுவந்த ஹூலியோவும், அவ்வேலையும் போனபின் தன்னுடலை ஆடவர்க்கு விற்க நேர்கிறது.

விலைமகள் என்று ஒரு சொல்லால் நாம் முடித்துவிடுகிறோம். அச்சொல்லிலே விலையுண்டு, விற்றவர் எவர் என்பதில்லை. ஒழுக்கத்தை எண்ணிப் பார்க்கவிருந்த எனக்குப் புரோக்கா கூலிக்கணக்கைக் காட்டினார். வகுப்பிலே எத்தனைமுறை அச்சொல்லுக்குப் பொருள் கூறியிருப்பேன்!

மறு ஆண்டு, மணிலாவின் தொண்டோச் சேரியிலே இன்சியாங் என்னும் படத்தை எடுத்தார். 1978இல் அது கான் விழாவிலே காட்டப்பட்டது. மார்க்கோஸின் ஆட்சியை எதிர்த்த அவர், 1985இல் ஜீப்னிச் சாரதிகளின் வேலைநிறுத்தத்தை ஆதரித்தமைக்காகச் சிறையிடப்பட்டார். அவ்வாட்சி வீழ்ந்தபின், 1986இல் அரசியலமைப்பை வகுக்கும் ஆணைக்குழுவில் அங்கத்தவரானார். கருத்து வேறுபட்டு இடையிலே விலகினார். ஆயினும், பேச்சுக்கும் பத்திரிகைக்கும் சுதந்திரங் கூறும் விதியிலே, வெளிப்பாடு என்னுஞ் சொல்லையுஞ் சேர்ப்பித்திருந்தார். கூத்தும் படமும் பேச்சென்ற சொல்லுள் அடங்குமோ என்று பின்னொருவர் வாதாட இடம் வைக்கவில்லை.

1991ஆம் ஆண்டு மே மாதம் கெசோன் நகரிலே மோட்டார் விபத்தில் இறந்தார். அப்போது அவருக்கு வயது 52.